காலிப் பானையும் அரைக் காணிக் கேழ்வரகும்

முன்னொரு காலத்தில், மலையும் காடும் சூழ்ந்த கூவல்நாட்டை உக்கிரவர்மன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். யானை என்றால் அவனுக்கு உயிர். "காட்டில் திரிவதெல்லாம் என் யானைகள். தீப்பந்தம் காட்டியோ மேளம் தட்டியோ எவனாவது விரட்டினால் சிறை!" என்று சட்டம் போட்டிருந்தான். யானைகள் வயல்களில் வயிறார மேய்ந்தன.

காட்டோரத்தில் சடைச்சி என்பவளுக்கு அரைக் காணிக் கேழ்வரகு இருந்தது. அவளும் இரண்டு பிள்ளைகளும் வருடம் முழுக்கக் குடிக்க வேண்டிய கூழ் அதுதான். வயலைச் சுற்றிக் கம்பு நட்டு, கயிறு கட்டி, இருபது பானைகளைத் தொங்கவிட்டாள். அவற்றுள் பத்தில் தேனீக்களைக் குடிவைத்தாள். யானை கயிற்றில் உரசினால் பானை ஆடும். தேனீக்கள் பாய்ந்து தும்பிக்கையிலும் கண்ணோரத்திலும் கொட்டும். இரண்டே முறைதான். பிறகு யானைகள் அந்தப் பக்கம் தலைகாட்டவில்லை.

ஊரே அவளைப் புகழ்ந்தது யானைப்படைத் தலைவன் மல்லராயனுக்குப் பொறுக்கவில்லை. அறுவடைக்கு ஐந்து நாள் இருக்கையில் வந்து, பானைகளின் வாயை ஈரத்துணியால் கட்டி, அத்தனையையும் சாட்சியாக அரண்மனைக்கு அள்ளிப்போனான். சடைச்சியையும் இழுத்துப்போனான்.

"மகாராஜா, இவள் உங்கள் யானைகளைத் துன்புறுத்தினாள்!"

"நான் தொடவே இல்லீங்க சாமி. தேனீ வீட்டுக் கதவை அதுங்களே தட்டிச்சுங்க."

"ஈக்கு யானை பயப்படுமா? அந்த யானையையே அடக்கி ஆள்கிற நான் பயப்படுவேனா? பொய்!" என்று மல்லராயன் மீசையை முறுக்கினான்.

"அப்படின்னா இதைக் கொஞ்சம் பிடிச்சுக்குங்க."

ஒரு பானையின் துணியை அவிழ்த்து அவன் முகத்துக்கு நேரே ஆட்டினாள். மல்லராயன் அலறிக்கொண்டு ஓடிச் சிம்மாசனத்துக்குப் பின்னால் ஒளிந்தான். சடைச்சி பானையைக் கவிழ்த்துக் காட்டினாள். காலி!

"பாதிப் பானை இப்படித்தாங்க. கொட்டு வாங்கின யானை காலிப் பானைக்கும் பயப்படும். தலைவரு கொட்டு வாங்காமலே பயப்படுறாரு."

ராஜா வயிறு குலுங்கச் சிரித்தான். மல்லராயனை யானைக் கொட்டடியில் சாணம் அள்ள அனுப்பினான்.

"உனக்கு என்ன வேண்டும், கேள்!"

"பானைங்களைக் குடுத்து இப்பவே அனுப்புங்க சாமி. பயிர் காவலில்லாம நிக்குது."

"என்ன அவசரம்? இந்தக் காலிப் பானை வேடிக்கையை நாளைக்கு ராணி பார்க்கட்டும். அப்புறம் விருந்தாளிகள் பார்க்கட்டும்."

அந்த வேடிக்கையை அவள் நான்கு நாள் செய்துகாட்டினாள். ஐந்தாம் நாள் ராஜா பட்டுச் சால்வை போர்த்தி, பானைகளைத் திருப்பிக் கொடுத்து, துணைக்கு ஒரு காவலனோடு அனுப்பிவைத்தான்.

ஊர் போய்ச் சேர்ந்தபோது வயலில் ஒரு கதிர்கூட மிச்சமில்லை. சேற்றில் யானைக் காலடிகள்தான் கிடந்தன. பிள்ளைகள் காட்டுக்கிழங்கு தோண்டிக்கொண்டிருந்தார்கள்.

சடைச்சி அழவில்லை. ஒரு பானையில் எதையோ அள்ளிப் போட்டு, வாயைக் கட்டி, காவலனிடமே கொடுத்தனுப்பினாள்.

சபையில் ராஜா சிரித்துக்கொண்டே துணியை அவிழ்த்தான். மந்திரிகள் பின்வாங்கினார்கள். எதுவும் பறந்து வரவில்லை. உள்ளே யானை லத்தி. அதில் செரிக்காத கேழ்வரகு முளைவிட்டிருந்தது.

"இந்த வருஷ அறுவடையாம் மகாராஜா," என்றான் காவலன். "உங்கள் யானைகள் போட்டது, உங்களுக்கே சேரட்டும் என்று சொல்லச் சொன்னாள்."

ராஜா அன்று சிரிக்கவில்லை. இனி எந்த வயலின் பானையையும் யாரும் தொடக்கூடாது என்று மட்டும் மெல்லச் சொன்னான்.

அந்த வருடம் முழுக்க மூவருக்கும் கிழங்குதான். பட்டுச் சால்வை என்னவாயிற்று என்கிறீர்களா? சடைச்சி அதைக் கிழித்து, அடுத்த பயிருக்குப் பானை கட்டக் கயிறு திரித்தாள். ராஜா கொடுத்ததில் அவளுக்கு உதவியது அது ஒன்றுதான்.