மேற்குப் பொந்து வழக்கு

மழை பிந்தி வரும் ஒரு காட்டில் ஒரு புளியமரம் நின்றது. தாய் அணில் இறந்தபோது அந்த மரம் அண்ணன் அணிலுக்கும் தங்கை அணிலுக்கும் பொதுவாயிற்று.

தங்கை முன்பே மணமாகி ஆற்றுக்கு அப்பால் போயிருந்தாள். அங்கே அவள் குடியிருந்த மரம் காற்றில் சாய்ந்துவிட்டது. துணையை இழந்து, வயிற்றில் குட்டிகளோடு திரும்பி வந்தாள். புளியமரத்தில் அவளுடைய மேற்குப் பொந்து நிறைய அண்ணனின் புளியங்கொட்டைகள்.

"எனக்கு இடம் இல்லையா, அண்ணா?"

"போனவள் போனவள்தான்" என்றான் அண்ணன். அவன் கஞ்சன். பொல்லாதவன் அல்ல.

தங்கை அந்த மரத்தின் வேர்ச்சந்தில் படுத்தாள். மறுநாள் குளக்கரைக்குப் போய், நீதிபதி ஆமையிடம் பாகப்பிரிவினை வழக்குப் போட்டாள். கட்டணமாக ஒரு கொட்டையை வைத்தாள்.

அண்ணனுக்காக வாதாட உடும்பு வந்தது. பிடித்த பிடியை விடாது என்று பேர் வாங்கிய உடும்பு.

"கட்டணம் போதாது, ஐயா! மரத்துக்குள் வாழ்கிறவர் பங்கு கேட்டால் ஒரு கொட்டை. வெளியே இருக்கிறவர் கேட்டால் நூறு கொட்டை. இவள் வெளியே இருக்கிறாள்."

"வேரில்தானே படுத்திருக்கிறேன்?" என்றாள் தங்கை.

"வேர் மண்ணுக்குள் இருக்கிறது. மண் காட்டுக்குச் சொந்தம்."

"அண்ணன் தூங்கும்போது கீழ்க்கிளையிலும் படுத்தேன்."

"அது திருட்டு. குடியிருப்பு ஆகாது."

ஆமை யோசித்தது. வாய்தா கொடுத்தது. மறுபடியும் யோசித்தது. மூன்று வாய்தாக்கள் போயின. மேகம் கறுத்தது. நூறு கொட்டைக்கு அவள் எங்கே போவாள்? இப்போது அவளால் மெல்லத்தான் நடக்க முடிந்தது.

நான்காம் வாய்தாவில் ஆமை சொன்னது: "மரத்தில் இருப்பவனையே கேட்போம். தம்பி, உன் தங்கை உள்ளே இருக்கிறாளா, வெளியே இருக்கிறாளா?"

"வெளியே என்று சொல்" என்று உடும்பு கிசுகிசுத்தது. "ஒரே சொல். வழக்கு தள்ளுபடி."

அண்ணன் வாயைத் திறந்தான். முதல் தூறல் விழுந்தது. தங்கை தன் வாலை இழுத்து வயிற்றின்மேல் போர்த்திக்கொண்டாள்.

"உள்ளே" என்றான் அண்ணன்.

"என்னப்பா உளறுகிறாய்?" என்றது உடும்பு.

"உள்ளேதான் இருக்கிறாள்."

"உள்ளே என்றால் எங்கே?" என்றது ஆமை.

"மேற்குப் பொந்தில். கொஞ்சம் பொறுங்கள் ஐயா, அதில் கிடக்கிற கொட்டையை அள்ளிப் போட்டுவிட்டு வந்துவிடுகிறேன்."

அவன் ஓடினான். ஆமை 'கட்டணம் சரி' என்று எழுதத் தொடங்கியது.

"ஆட்சேபிக்கிறேன்! கொட்டை இன்னும் பொந்துக்குள்தான் இருக்கிறது!" என்று உடும்பு கத்தியது.

"நான் மெதுவாகத்தான் எழுதுவேன். முடிப்பதற்குள் காலியாகிவிடும்."

மழை வலுத்தது. மேற்குப் பொந்துக்குள் மூன்று சன்னக் குரல்கள் கேட்டன. சாரல் உள்ளே போகாதபடி வாசலை அடைத்துக்கொண்டு, முதுகு நனைய அண்ணன் உட்கார்ந்திருந்தான்.

நீதி: உடன்பிறந்தவரை அயலார் என்று நிரூபித்து வெல்வதைவிட, அந்த வழக்கில் தோற்பதே மேல்.