குரோயி சாப்பிடுகிறார்

குரோயி பெரிய நடிகர். வாள் வீசியதில்லை, கதாநாயகியைத் துரத்தியதில்லை. இத்தனை வருடமும் ஜப்பானியத் திரையில் சாப்பிட்டுக்கொண்டே இருந்தார். காலைச் சோறு, ரயிலடி நூடுல்ஸ், நேற்றைய மிச்சம், எல்லாம். அவர் ஊறுகாயைக் கடித்தால் கொட்டகையே எச்சில் விழுங்கும்.

அவருடைய ஜென் குரு கெய்ஷு வயதில் அவரைவிடச் சின்னவர். மடத்துச் சமையலும் அவர் பொறுப்புதான். ஒரு நாள் காலை அவர் காய் நறுக்கும்போது குரோயி வந்து நின்றார்.

"குருவே, என் மனைவி மிட்சுயோ இனி என்னோடு சாப்பிட மாட்டாளாம். அக்கா வீட்டுக்குப் போகிறேன் என்கிறாள்."

"ஏன்?"

"அவள் வைத்த மீன் சூப்பைத் துப்பிவிட்டேன்."

"நன்றாக இல்லையா?"

"அதில்லை. படப்பிடிப்பில் ஒரே காட்சிக்குத் திரும்பத் திரும்பச் சாப்பிட வேண்டும். அத்தனையும் விழுங்கினால் வயிறு என்னத்துக்கு ஆகும்? டைரக்டர் 'கட்' சொன்னதும் காலடி வாளியில் துப்பிவிடுவேன். அன்று மிட்சுயோ 'போதுமா?' என்று கேட்டாள். எனக்கு அது 'கட்' மாதிரி கேட்டதோ என்னவோ, கிண்ணத்திலேயே துப்பிவிட்டேன்."

குருவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. குரோயிக்குக் கண் கலங்கிவிட்டது. பாவம், மனிதர்.

"சூப் எப்படி இருந்தது?"

"கண்ணை மூடி, மெல்லத் தலையாட்டினேன். முகபாவம் பிரமாதமாக வந்தது."

"நான் சூப்பைக் கேட்டேன்."

குரோயி யோசித்தார். உப்பா, புளிப்பா, ஆறியிருந்ததா? ஒன்றுமே நினைவில்லை.

"தெரியவில்லை, குருவே. இப்போதெல்லாம் எதுவுமே தெரிவதில்லை. நான் சாப்பிடுகிறேனா, நடிக்கிறேனா?"

குரு ஒரு முள்ளங்கியை எடுத்து அவர் கையில் கொடுத்தார்.

"இதைச் சாப்பிடவா?"

"வீட்டில் சமைத்து அந்த அம்மாவுக்குக் கொடுங்கள்."

குரோயி முள்ளங்கியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "எனக்குச் சமைக்கவே தெரியாதே! படத்தில்கூட யாராவது சமைத்துத்தான் வைப்பார்கள்."

"தெரிந்த மட்டும் சமையுங்கள்."

"அவள்தான் என்னோடு உட்கார மாட்டேன் என்கிறாளே?"

"நீங்கள் உட்கார வேண்டாம். பரிமாறுங்கள். அவர் சாப்பிடும்போது முகத்தைப் பாருங்கள்."

நான் கேட்டது என்ன, இவர் சொல்வது என்ன என்று குரோயி விழித்தார். வாசல்வரை போனவர் திரும்பி வந்தார்.

"அவள் முகத்தைச் சுளித்தால்?"

"என்ன தப்பு என்று நீங்களும் ஒரு வாய் சாப்பிட்டுப் பாருங்கள்."