நாடா என்று பெயர் பெற்ற இரும்பு

"வேண்டாம்கிறவனோட வாயைப் பார்க்காதே, கையைப் பாரு. கை இலையை மறைச்சுதுன்னா..." என்று எங்கள் பக்கத்துப் பந்திகளில் பரிமாறும் பெரியவர் ஒருவர் சொல்வார். மறைத்தால் போட வேண்டுமா, விட வேண்டுமா என்பது இப்போது எனக்கு நினைவில்லை. பல வருடம் வெளியே இருந்துவிட்டுத் திரும்பினால் பாதி வாக்கியங்கள்தான் மிஞ்சுகின்றன. எப்படியானாலும், இந்தக் கதையில் வரும் விருந்தாளிக்குக் கை கிடையாது.

வானத்திலிருந்து விழும் கற்களில் சில முழுக்க முழுக்க இரும்பு. அப்படிப்பட்ட ஒன்றை அறுத்து, வழவழவென்று தேய்த்து, அமிலத்தில் கழுவினால் உள்ளே பட்டை பட்டையாகக் கோடுகள் தெரியும். அதில் நிக்கல் மிகுந்து பளபளக்கிற மெல்லிய கோட்டுக்கு டேனைட் என்று பெயர். பழைய கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. நாடா என்று பொருள். கோட்டின் உருவத்தைப் பார்த்து வைத்த பெயர் என்கின்றன புத்தகங்கள். கதை வேறு காரணம் சொல்கிறது.

அந்தக் காலத்தில் கல்லுக்கும் வாய் இருந்தது, பறவைக்கும் நம் பேச்சு இருந்தது. துருத்திமேடு என்ற ஊரில் வீரணன் என்று ஒரு கொல்லன். அவன் மனைவி சிலம்பாயி துருத்தி ஊதுவாள், அவன் சம்மட்டி பிடிப்பான்.

அந்த ஊர்க் கொல்லர்களுக்கு இரும்பு என்றால் விருந்தாளி. வெளியிலிருந்து புது இரும்பு வந்தால் முதல் காரியமாக அதை உலையில் இடம் கொடுத்து உட்கார வைப்பார்கள். நாம் வந்தவருக்குச் செம்பில் தண்ணீர் நீட்டுகிற மாதிரி. குளிர்ந்த இரும்பைக் குளிர்ந்தபடியே விடுவது வீட்டுக்கு வந்தவரை வாசலோடு அனுப்புவதற்குச் சமம். இன்னொரு வழக்கமும் உண்டு. இரும்புக்குப் பிறந்தவுடன் பெயர் கிடையாது. அடித்து அரிவாளானால் அரிவாள், ஏரில் மாட்டினால் கொழு. எதுவும் ஆகாத வரைக்கும் அது வெறும் இரும்பு.

ஒரு நாள் காலையில் ஆட்காட்டிக் குருவி பட்டறை வாசலில் வந்து கத்தியது. யார் வந்தாலும் போனாலும் ஊரைக் கூட்டுவது அதற்கு அன்றைக்கும் வேலை.

"கொல்லரே, கரட்டு மேட்டுக்குப் பின்னால ஒரு ஆள் விழுந்து கிடக்கு. முட்டையை மிதிச்சுடப் போகுதுன்னு கிட்டப் போனேன். காலே இல்லை."

"காலில்லாத ஆளா?"

"கையுமில்லை. உங்க சாதிதான். இரும்பு."

வீரணனும் சிலம்பாயியும் வண்டி பூட்டிக்கொண்டு போனார்கள். கருத்த தோலோடு, ஒரு கன்றுக்குட்டி அளவில், புல்லில் பாதி புதைந்து கிடந்தது. வெயில் ஏறிய பிறகும் அதன் மேல் பனி பூத்திருந்தது. சிலம்பாயி தொட்டுப் பார்த்துக் கையை உதறினாள்.

"அம்மாடி, என்ன சில்லிப்பு. எங்கேருந்து தாயி வர்றே?"

"மேலேருந்து" என்றது இரும்பு. குரல் பெண்குரல். "தம்பிக்காகக் காத்திருக்கேன். அவனும் பின்னால வந்துகிட்டிருக்கான்."

வண்டியில் வரும்போது அது தன் கதையைச் சொன்னது. நிலாவைவிட மிகச் சிறிய ஒரு உலகம் அதன் தாய். அவள் வயிற்று நெருப்பு அணையத் தொடங்கிய பின் மெல்ல மெல்ல ஆறினாள். ஒரு விரற்கடை வெப்பம் இறங்குவதற்குள் இங்கே ஒரு மலை எழுந்து தேய்ந்து மண்ணாகிவிடும். அவ்வளவு மெதுவாக ஆறியதால் அவள் உடம்பிலிருந்த கருத்த உலோகமும் வெளுத்த உலோகமும் சண்டை போடாமல் பிரிந்து, ஒன்றின் பக்கத்தில் ஒன்றாகப் படுத்துக்கொண்டன. பின்னலுக்கு நடுவே ஓடும் நாடா போல.

"அப்புறம் இன்னொரு உலகம் வந்து அம்மாமேல மோதிடுச்சு" என்றது அது. "நாங்க சிதறினோம். தம்பிக்கு என் முகம் தெரியாது, இருட்டுல பிறந்தவன். உடைஞ்ச இடத்தை உடைஞ்ச இடத்தோட சேர்த்து வச்சா, என் நாடா அவன்கிட்ட போய்த் தொடரும். அது ஒண்ணுதான் அடையாளம். அவன் வந்தா என்னைக் காட்டிடுங்க ஐயா. வேற எதுவும் எனக்கு வேண்டாம்."

"காட்டாம என்ன? அவன் வர்ற வரைக்கும் நீ எங்க வீட்டுப் பொண்ணு" என்றான் வீரணன்.

பட்டறையில் இறக்கியதும் சிலம்பாயி கரி அள்ளிப் போட்டாள்.

"எதுக்கு?" என்றது இரும்பு.

"குளிரா இருக்கியே. சூடா உட்காரு."

"எனக்குக் குளிரில்லை. நான் இப்படித்தான்."

"எல்லாரும் வந்தவுடனே அப்படித்தான் சொல்வாங்க" என்று சிரித்தாள் சிலம்பாயி. "போன வாரம் வந்த மேற்கத்தி இரும்பு மூணு தரம் வேண்டாம்னுச்சு. வச்சப்புறம் எந்திரிக்கவே மாட்டேன்னுடுச்சு."

"வேண்டாம்மா. உண்மையாவே வேண்டாம்."

வீரணன் ஒரு கணம் யோசித்தான். கூச்சப்படுகிறது என்று நினைத்தான். நாடா பத்திரமாக உள்ளேதானே இருக்கிறது, உள்ளே இருப்பது எங்கே போய்விடும் என்றும் நினைத்தான். இரண்டையும் நினைத்து முடித்தபோது குறடு கையிலிருந்தது.

"வாயால வேண்டாம்னு சொல்றதுதானே மரியாதை" என்றான். "நாங்க வைக்கிறதுதானே முறை."

மூன்றாம் முறை அது வேண்டாம் என்றது துருத்திச் சத்தத்தில் யாருக்கும் கேட்கவில்லை.

அப்போதிலிருந்து சாயங்காலம் வரை அது உலையில் இருந்தது. முதலில் கருஞ்சிவப்பு, பிறகு நல்ல சிவப்பு, உச்சிப்பொழுது தாண்டியபோது செம்பருத்தி நிறம். சிலம்பாயிக்குப் பெருமை. அவ்வளவு பெரிய விருந்தாளியை இதற்குமுன் யாரும் உபசரித்ததில்லை. இறக்கி வைத்ததும் இருவரும் பக்கத்தில் உட்கார்ந்தார்கள்.

"இப்ப எப்படி இருக்கு தாயி?"

"சுகமா இருக்கு" என்றது அது. கொஞ்ச நேரம் கழித்து, "ஐயா, நான் எங்கேருந்து வந்தேன்?" என்று கேட்டது.

விளையாடுகிறது என்று வீரணன் நினைத்தான். "வானத்துலேருந்து. மறந்துபோச்சா?"

"அப்படியா" என்றது அது.

எட்டாம் நாள் ஆட்காட்டி மறுபடியும் வந்தது. "வறண்ட கண்மாய்க்குள்ள இன்னொண்ணு. இது வாயாடி. விழுந்ததும் என்கிட்டயே அக்காவைப் பார்த்தியான்னு கேட்குது. நானென்ன அதுக்குச் சொந்தமா?"

தம்பிக்கல் ஆட்டுக்குட்டி அளவுதான். வண்டியில் ஏற்றும்போதே ஆயிரம் கேள்வி. அக்கா எப்போது வந்தாள், என்ன சொன்னாள், என்னைக் கேட்டாளா. வீரணன் வண்டியோட்டுவதிலேயே கண்ணாக இருந்தான். சிலம்பாயிதான் பேசினாள். "கேட்டா தம்பி. வந்த அன்னிக்கு உன் பேச்சுதான் பேசினா."

பட்டறைக்கு வந்ததும் தம்பி, "என் உடைஞ்ச பக்கத்தைத் தேய்ச்சு ஏதாவது புளிப்பால கழுவுங்க" என்றான். வீரணன் சாணைக்கல்லில் தேய்த்தான். சிலம்பாயி இரண்டு நார்த்தங்காயைப் பிழிந்து ஊற்றினாள். முதலில் ஒன்றுமில்லை. பிறகு சாம்பல் பரப்பில் ஒரு வெள்ளிக் கோடு, அதைக் குறுக்கே வெட்டிக்கொண்டு இன்னொன்று. பார்த்துக்கொண்டிருக்கும்போதே முகம் முழுக்க நாடா நாடாவாகப் பின்னி நின்றது. ஆட்காட்டிகூடக் கழுத்தை நீட்டி எட்டிப் பார்த்தது.

"இப்ப அவளை" என்றான் தம்பி.

அக்காவையும் தேய்த்தார்கள். நார்த்தங்காய்ச் சாறு தீர்ந்து, கிடாரங்காய் தேடிப் பிழிந்தார்கள். பானையின் அடிப்புறம் மாதிரி ஒரே சாம்பல் நிறம். கோடு வரவில்லை. இரண்டு முகத்தையும் சேர்த்து வைத்தார்கள். விளிம்புகூடச் சரியாகப் பொருந்தியது. தம்பியின் நாடாக்கள் அந்த விளிம்பு வரை வந்து நின்றன.

தம்பி அந்த விளிம்பை ஒரு முனையிலிருந்து மறு முனை வரை பார்த்தான். பிறகு மிக மரியாதையாக, "இவங்க நல்லவங்களாத் தெரியுறாங்க. ஆனா என் அக்கா இல்லை" என்றான்.

"ஆமாம் தம்பி, நான் இந்த வீட்டுப் பொண்ணு" என்றது அக்கா. "நீ யாரைத் தேடுறே? எனக்குத் தெரிஞ்சா சொல்றேன்."

வீரணன் எழுந்து வெளியே போனான். திரும்பி வந்து தம்பியின் முன்னால் தரையில் உட்கார்ந்தான்.

"அது உன் அக்காதான். உலையில வச்சது நான்."

"அவ வேண்டாம்னு சொல்லலையா?"

"சொன்னா."

"எத்தனை தரம்?"

"ரெண்டு தரம் என் காதுல விழுந்துச்சு" என்றான் வீரணன். "மூணாவது தரமும் சொல்லியிருப்பா."

"குளிரும்னு நினைச்சோம் தம்பி" என்றாள் சிலம்பாயி.

வீரணன் கைதேர்ந்த கொல்லன். வெப்பத்தால் போனதை வெப்பத்தாலேயே கொண்டுவரலாம் என்று அவனுக்குத் தோன்றியது. மெதுவாக ஆறியதால்தானே நாடா வந்தது? அக்காவைத் திரும்பவும் காய்ச்சி, பட்டறைக்குப் பின்னால் ஆள் மட்டத்துக்குக் குழி வெட்டி, சாம்பலும் உமியும் கொட்டி, நடுவில் வைத்து மூடினான். உமி கனிந்துகொண்டே இருக்க வேண்டும். ஒவ்வொரு நாளும் ஒரு பிடி குறைத்துப் போட வேண்டும். மழைக்காலத்தில் குழிமேல் கூரை போட்டுத் தானும் அங்கேயே படுத்தான். வேலைக்கு வந்தவர்களைச் சிலம்பாயி திருப்பி அனுப்பினாள். ஊரில், கொல்லன் இரும்பை அடைகாக்கிறான் என்று சிரித்தார்கள். ஒரு தை தொடங்கி அடுத்த தை வரை ஆற வைத்தான்.

தோண்டி எடுத்துத் தேய்த்துச் சாறு ஊற்றினான். ஒரே சாம்பல் நிறம்.

"இன்னும் மெதுவா ஆற வச்சா?" என்றான். "பத்து வருஷம்? என் ஆயுசுக்கும்?"

"ஐயா, உங்க உமியும் தீர்ந்துடும், நீங்களும் தீர்ந்துடுவீங்க, இந்தக் கரடும் கரைஞ்சுடும்" என்றான் தம்பி. அவன் குரலில் கோபம் இல்லை. வீரணனுக்கு அதுதான் தாங்க முடியவில்லை. "அத்தனை காலத்துல அம்மா ஒரு கோடுகூடப் போட்டு முடிச்சிருக்க மாட்டா."

அந்த வாரம் அக்கா வீரணனைக் கூப்பிட்டது. "எல்லா இரும்பும் ஏதோ ஒண்ணா ஆகிப் பேர் வாங்கிட்டுப் போகுது. எனக்கு மட்டும் ஏன் பேரில்லை? என்னையும் ஏதாவது ஆக்குங்க."

வீரணன் தம்பியைப் பார்த்தான்.

"அவங்க கேட்கிறாங்களே" என்றான் தம்பி. "இந்தத் தடவையாவது கேட்டதைச் செய்யுங்க."

அக்கா ஏழு கொழுவாகவும் மூன்று அரிவாளாகவும் ஆனது. ஒவ்வொன்றும் ஒவ்வொரு பெயர் வாங்கிக்கொண்டு ஒவ்வொரு காடு கழனிக்குப் போனது. கடைசி அரிவாள் படி தாண்டும்போது தம்பியிடம், "போய்ட்டு வர்றேன்" என்று சொல்லிவிட்டுப் போனது. ஊர்ப்பழக்கம், யாரிடமும் சொல்வதுதான்.

தம்பி அதற்குப் பதில் சொல்லவில்லை. அவளைப் பார்த்தால் சொல்ல வேண்டும் என்று இருட்டில் வரும் வழியெல்லாம் அவன் சேர்த்து வைத்திருந்தது நிறைய. அவளிடம் பேச முடியாததை வேறு யாரிடம் பேசுவது என்று அவனுக்குத் தெரியவில்லை. அன்றைக்கு மூடிய வாயை வானத்து இரும்பு இன்றுவரை திறக்கவில்லை. யார் வீட்டில் விழுந்தாலும், எத்தனை அன்பாகக் கேட்டாலும், அது எங்கிருந்து வந்தது என்பதைப் புளிப்பில் கழுவி நாமேதான் பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

பெயரில்லாத இரும்பைப் பட்டறையில் வைத்திருக்கக் கூடாது என்று மற்றக் கொல்லர்கள் வந்து சொன்னார்கள். வீரணன் கேட்டுக்கொண்டான். அவர்கள் போன பிறகு சிலம்பாயியிடம் உலையில் தண்ணீர் தெளித்து அணைக்கச் சொன்னான். தம்பி இரும்பை நெருப்பில் வைப்பதில்லை, எதுவாகவும் ஆக்குவதில்லை, உள்ளே இருப்பதை வைத்தே அதற்கு நாடா என்று பெயரிடுவது என்று முடிவு செய்தான்.