எல்லா வள்ளமும் வெடிக்குது

ஒரு ஊர்ல ஒரு ஓடாவி இருந்தான். ஓடாவின்னா யாருன்னு எந்திரிச்சு உக்காந்து கேக்காத, படு, நானே சொல்றேன். வள்ளம் கட்டுற தச்சன்தான் ஓடாவி. பேரு நம்புவேலு. அந்தக் கடக்கரையில மிதக்குற வள்ளம் பெருசு சிறுசு அத்தனையும் அவன் கட்டினதுதான். டொக்கு டொக்குன்னு அவன் உளிச் சத்தம் கேட்டாத்தான் அந்த ஊருக்குப் பொழுதே விடியும்.

அவன் பொண்டாட்டி ராக்காயி. அவ கடலுக்குள்ள முங்கிப் பாசி எடுக்குறவ. மூச்சைப் பிடிச்சுக்கிட்டு முழுக்குன்னு உள்ள போவா, பை நெறையப் பாசியோட புஸ்ஸுன்னு மேல வருவா. ஊர்ப் பொம்பளைங்க பாதிப்பேரு இவ கூடப் பாசிக்குப் போறவங்கதான்.

ம் கொட்டு தங்கம். நீ ம் கொட்டலைன்னா இந்தப் பெரியம்மா சுவத்துக்குத்தான் கதை சொல்லணும். ம், அப்படி.

அந்த வருசம் ஒரு பெரிய காத்து அடிச்சுது. உய்ய்ய்ன்னு மூணு நாளா அடிச்ச அடியில, வள்ளம் நிறுத்துற பழைய துறை மண்ணு மூடிப்போச்சு. அப்புறம் என்ன பண்றது? கொஞ்சம் தள்ளிப் போயி, பாருக்குப் பக்கத்துல வள்ளத்தையெல்லாம் நிறுத்த ஆரம்பிச்சாங்க. பாருன்னா கடலுக்குள்ள இருக்குற பாறைத் திட்டு. பொந்தும் பொடவுமா இருக்கும்.

அப்போ ஒரு நாள் சாயங்காலம் சேதுன்னு ஒரு பையன், புதுசாக் கல்யாணம் ஆனவன், ஓடாவி வீட்டுக்கு வந்தான். முன்னால பாக்குறான், பின்னால பாக்குறான். ராக்காயி அடுப்படியில இருக்கான்னு தெரிஞ்சதும் ஓடாவியை வேலிப்பக்கம் இழுத்துட்டுப் போயிட்டான்.

"அண்ணே, என் வள்ளம் வெடிக்குதுண்ணே."

"என்னடா சொல்ற?"

"அலுப்பா இருக்கேன்னு உள்ள படுத்தேன். பலகையில காது பட்டுச்சு. சடசட சடசடன்னு கேக்குது. அடிப்பலகை பூரா விரிசல் விடுதுண்ணே. யாருகிட்டயும் சொல்லிராதீங்க. அண்ணிகிட்டக்கூட."

ஏன் அப்படிச் சொன்னான் தெரியுமா? வெடிக்கிற வள்ளம்னு ஒரு தடவை பேரு வந்துட்டா, அந்த ஊர்ல அந்த வள்ளத்துல ஒருத்தனும் ஏற மாட்டான். ஆள் இல்லாம எப்படிக் கடலுக்குப் போறது? அதனால ஓடாவி தன் உளி மேல கையை வச்சு, யாருகிட்டயும் சொல்ல மாட்டேன்னு சத்தியம் பண்ணிக் குடுத்தான்.

வள்ளத்தைக் கரைக்கு இழுத்தான். பலகைக்குப் பலகை பஞ்சு அடைச்சான், டொக்கு டொக்கு. குங்கிலியப் பிசினைக் காய்ச்சிப் பூசுனான், கொழகொழ. "இனிமே ஒண்ணும் ஆகாது, போ"ன்னு அனுப்பிட்டான். ரெண்டு நாள் கழிச்சு சேது வந்து நிக்குறான். மூஞ்சி செத்துப்போய்க் கெடக்கு. "இன்னும் கேக்குதுண்ணே."

அப்புறம் குட்டியாண்டின்னு ஒரு பெரியவர் வந்தாரு. அவரும் முன்னால பாத்தாரு, பின்னால பாத்தாரு. அவரும் வேலிப்பக்கம்தான் கூப்பிட்டாரு. "ஏப்பா ஓடாவி, என் வள்ளம் வெடிக்குதுப்பா. வெளிய தெரிஞ்சா அசிங்கம்." அவருக்கும் சத்தியம். அடிப்பலகையைப் பேத்து எடுத்துட்டுப் புதுப்பலகை போட்டான், சர்ரு சர்ருன்னு இழைச்சு, ஆணி அடிச்சு. கொண்டு போயி நிறுத்துனா, புதுப்பலகையும் சடசட சடசட.

மூணாவதா வந்தவரு யாரு? பூமிநாதன் சம்மாட்டி. சம்மாட்டின்னா வலையும் வள்ளமும் வச்சு நாலு பேருக்கு வேலை குடுக்குற மொதலாளி. ஊர்லயே பெரிய வள்ளம் அவரோடதுதான். நம்புவேலு ஒரு வருசமா ராப்பகலாக் கட்டுன வள்ளம். அதுவும் வெடிக்குதாம்! சம்மாட்டி என்ன, வேலி ஓரத்துல குசுகுசுன்னு பேசுவாரா? பேசுனாரே! அவரும் குசுகுசுன்னுதான் பேசுனாரு. மீசையை முறுக்குறதெல்லாம் கடைத்தெருவுலதான்.

அந்த வள்ளத்துக்கு இரும்புப் பட்டையே போட்டான். டமார் டமார்னு அடிச்சான். போயி நிறுத்துனாங்க. இரும்புக்கெல்லாம் அந்தச் சத்தம் பயப்படுமா? சடசட சடசட, சடசட சடசட.

"ம்."

ம், முழிச்சுதான் இருக்க.

அப்போ சம்மாட்டி சொல்லிட்டாரு. "ஓடாவி, இதை நம்பி ஆளை ஏத்த முடியாது. நாலு உசுருக்கு நான் பொறுப்பு. நாளைக்குக் காலையில நீயே வந்து அறுத்துப் போட்டுரு. மரமாவது மிஞ்சட்டும்." சொல்லிட்டு வள்ளத்தைக் கரைக்கு ஏத்தச் சொல்லிட்டுப் போயிட்டாரு.

ஓடாவி வீட்டுக்கு வந்தான். சோறு போட்டா திங்கலை. தட்டையே பாத்துக்கிட்டு இருக்கான். தான் கட்டுனதைத் தானே அறுக்கணும்னா யாருக்குத்தான் சோறு இறங்கும்?

"என்னாச்சுங்க?"ன்னு கேட்டா ராக்காயி.

"ஒண்ணுமில்ல."

"மேலுக்கு முடியலையா?"

"அதெல்லாம் இல்ல."

"அப்போ கொழம்புல உப்பு இல்லையா?"

"ஏ புள்ள, என்னைக் கேக்காத. சத்தியம் பண்ணிருக்கேன்." அம்புட்டுதான் சொன்னான். அப்புறம் மெதுவா, "நாம வேற ஊருக்குப் போயிருவோமா? என் கை கெட்டுப்போச்சு. இனிமே உளியைத் தொட மாட்டேன்"ன்னான்.

ராக்காயி கரண்டியைக் கீழ வச்சுட்டா. இந்த மனுசன் காய்ச்சல்ல கெடந்தப்பகூட உளியைத் தலைமாட்டுல வச்சுக்கிட்டுத் தூங்குனவன். ஆனா அவ என்னத்தைப் பண்ணுவா? எதுன்னு தெரிஞ்சாத்தானே!

அவங்களுக்கும் சின்னதா ஒரு வள்ளம் உண்டு. ராக்காயி பாசிக்குப் போறதுக்காக அவன் ஆசையாக் கட்டுனது. அவ சோத்துப்பானையை மூடிட்டு, "வாங்க, கொஞ்சம் காத்து வாங்கிட்டு வருவோம்"னு அவனைக் கையைப் பிடிச்சு இழுத்து அதுல ஏத்துனா. நல்லா வெளிச்சம் இருந்துச்சு, பொழுது அப்பத்தான் சாயுது. பாருக்குப் பக்கத்துல நிறுத்துனா. அவன் அலுத்துப்போய் அப்படியே பலகையில சாஞ்சான். காது பலகையில பட்டுச்சு.

சடசட சடசட சடசட.

அவ்வளவுதான். துள்ளி எந்திரிச்சான். "ஐயோ, நம்ம வள்ளமும் வெடிக்குதே!"ன்னு தலையில கையை வச்சுக்கிட்டுக் குழந்தை மாதிரி அழுதான். உனக்குக் கட்டுனதுலகூட நான் தப்புப் பண்ணிட்டேனேன்னு அழுதான். தன் வள்ளத்தைப் பத்தி யாருக்கும் அவன் சத்தியம் பண்ணலைல்ல? அதனால வாய் விட்டுச் சொல்லிட்டான்.

ராக்காயி குனிஞ்சா. பலகையில காதை வச்சா. கேட்டா.

கேட்டுட்டு என்ன பண்ணா தெரியுமா? சிரிச்சா! கெக்கெக்கேன்னு வள்ளமே ஆடுற மாதிரி சிரிச்சா.

"ஏங்க, இதுக்கா சோறு திங்காம இருந்தீங்க? இது கடல் பொரியுற சத்தம்ங்க!"

"என்னது?"

"கடுகு பொரியுற மாதிரி, கடல் பொரியும். பாரு இருக்குற எடமெல்லாம் இப்படித்தான். நாங்க முங்குறப்போ காதுக்குள்ள இதேதான் சடசடக்கும்."

"இத்தனை வருசமா ஏன் சொல்லலை?"

"சோறு கொதிச்சா உங்ககிட்ட வந்து சோறு கொதிச்சுச்சுன்னா சொல்றேன்? தெனமும் கேக்குறது. நீங்க ஏன் என்கிட்டக் கேக்கலை?"

பாத்தியா தங்கம்? பொம்பளைங்களுக்கு அது தெரியும், ஆனா யாரும் அவங்களைக் கேக்கலை. ஆம்பளைங்களுக்குக் கேள்வி இருக்கு, ஆனா வாயைத் திறந்தா கௌரவம் போயிரும். ஒரே வீட்டுல ஒரே சட்டியில சாப்பிட்டுக்கிட்டு! எனக்கு இந்த எடம் வந்தாலே எரிச்சலா வரும்.

ராக்காயி முழுக்குன்னு குதிச்சா. புஸ்ஸுன்னு மேல வந்தா. கையில ஒரு ஓட்டைக் கல்லு. வள்ளத்துல கெடந்த அலுமினியச் சட்டியில கடல் தண்ணியை மோந்து, அந்தக் கல்லை அதுக்குள்ள போட்டா. கொஞ்ச நேரம் சத்தமே இல்ல. ஓடாவி குனிஞ்சு பாக்குறான். கல்லு ஓட்டையிலருந்து மெதுவா ஒரு மீசை வருது. அப்புறம் ஒரு கண்ணு. அப்புறம் ஒரு இறாலு. சுண்டுவிரல் அளவுகூட இருக்காது. ஒரு கை சின்னது, இன்னொரு கை ஒடம்புல பாதி இருக்கு, அம்மாம் பெருசு! அந்தப் பெரிய கையை விரிச்சுது, மூடுச்சு.

டப்!

சட்டியே டங்குன்னுச்சு. ஓடாவி பொத்துன்னு பின்னால விழுந்தான். இம்புட்டூண்டு இறாலுக்கு அம்புட்டுச் சத்தம்! அந்த அடியில சின்ன மீனு மயங்கிப்போயிரும், இது இழுத்துட்டுப் போயித் தின்னுரும். பாருல அது மாதிரி ஆயிரம் ஆயிரம் இறாலு. எல்லாம் சேர்ந்து டப்பு டப்புன்னா சடசடக்காம என்ன செய்யும்?

ஓடாவிக்கு உசுரு வந்துச்சு. அப்புறம் உடனே போச்சு.

"ஏ புள்ள, இதை நான் எப்படிப் போயிச் சொல்லுவேன்? யாரு வள்ளம் வெடிக்குதுன்னு சொல்ல மாட்டேன்னு எல்லாருக்கும் சத்தியம் பண்ணிருக்கேனே!"

ராக்காயி யோசிச்சா. "அவங்க வள்ளத்தைப் பத்திச் சொல்லாதீங்க. நம்ம வள்ளத்தைப் பத்திச் சொல்லுங்க."

ஓடாவி மூஞ்சி வெளுத்துப்போச்சு. ஓடாவி கட்டுன சொந்த வள்ளமே வெடிக்குதுன்னு அவன் வாயாலயே சொன்னா, அதுக்கப்புறம் யாரு அவன்கிட்ட வள்ளம் கட்டுவா? ஊரே சிரிக்காதா? ஆனா சொல்லலைன்னா காலையில அந்த நல்ல வள்ளத்தை அறுத்தாகணும். அன்னைக்கு அவன் தூங்கவேயில்ல, பாவம்.

காலையில கடக்கரையில கூட்டம். சம்மாட்டி வள்ளம் மணல்ல கெடக்கு. எதுக்கு அறுக்குறாங்கன்னு ஊருக்குத் தெரியாது, கேட்டவங்களுக்கெல்லாம் பழசாயிருச்சுன்னு சொல்லிக்கிட்டு நிக்குறாரு சம்மாட்டி. ஓடாவி ரம்பத்தோட வந்தான். ராக்காயி சட்டியோட பின்னால வந்தா. அவன் ரம்பத்தை வள்ளத்து மேல வச்சான். ரம்பம் நகரலை. எடுத்துக் கீழ போட்டான். டணார்!

"எல்லாரும் கேளுங்க! என் வள்ளம் வெடிக்குது. நான் கட்டுன என் சொந்த வள்ளம். சடசட சடசடன்னு நேத்து என் காதால கேட்டேன்."

ஒருத்தரும் சிரிக்கலை. ஒருத்தர் மூஞ்சியை ஒருத்தர் பாக்குறாங்க. அப்போ சேது மெதுவாக் கையைத் தூக்குனான். "என்னுதும் வெடிக்குதுண்ணே."

"என்னுதும்தான்"னாரு குட்டியாண்டி.

"என்னுதும்!" "என்னுதும்!"னு அங்கொருத்தன் இங்கொருத்தனாக் கெளம்பிட்டாங்க. ஓடாவிகிட்ட வராதவனுக்கெல்லாம்கூட வெடிச்சிருக்கு! கடைசியா சம்மாட்டி தொண்டையைக் கனைச்சாரு. "ம்ஹூம்... இதுவும்தான்."

அதுக்கு மேல ராக்காயி விடுவாளா? சட்டியைக் கீழ வச்சா. டப்! டங்! முன்னால நின்ன மீசைக்காரனுங்க பூரா ரெண்டடி பின்னால தாவுனாங்க. "வெடிக்கிறது வள்ளம் இல்ல, பாருல கெடக்குற இந்த இறாலுதான்! நம்பாதவங்க வந்து தலையை முக்குங்க"ன்னா. கடல் வத்தியிருந்துச்சு, பாரு வரைக்கும் இடுப்பளவு தண்ணிதான். ஊர் ஆம்பளைங்க அத்தனை பேரும் போயித் தலையைத் தண்ணிக்குள்ள விட்டுக்கிட்டு, வாத்து மாதிரி பின்பக்கத்தைத் தூக்கிக்கிட்டு நின்னாங்க பாரு! கரையில நின்ன பொம்பளைங்க வயித்தைப் பிடிச்சுக்கிட்டுச் சிரிச்சாங்க.

அப்புறம் சம்மாட்டி, தலையிலருந்து தண்ணி சொட்டச் சொட்ட வந்து, அந்தப் பெரிய வள்ளத்துல தோளைக் குடுத்தாரு. "என்னடா பாக்குறீங்க? தள்ளுங்கடா!" ஏலேலோ ஐலசா, ஏலேலோ ஐலசா. மணலைக் கிழிச்சுக்கிட்டுப் போயி ஜலக்குன்னு தண்ணியில இறங்குச்சு வள்ளம். நம்புவேலு அது மிதக்குறதைப் பாத்துக்கிட்டே நின்னான். எனக்குத் தெரிஞ்சு, அன்னைக்கு அந்த மனுசன் பட்ட சந்தோசத்தை ராஜாகூடப் பட்டிருக்க மாட்டான்.

அன்னைக்கு மத்தியானம் அவன் ரெண்டு தட்டு சோறு தின்னான். தின்னுட்டு நேராப் போயி ராக்காயியோட வள்ளத்துல, பலகையில காதை வச்சுப் படுத்துட்டான். கீழ சடசட சடசட. கண்ணு சொருகுது. ராக்காயி குறும்புக்காரியில்ல? தோளைத் தட்டி மெதுவாக் கேட்டா.

"ஏங்க, வெடிக்குதா?"

"வெடிக்கட்டும் புள்ள"ன்னான். திரும்பிப் படுத்தான். கொர்ர்ருன்னு தூங்கிட்டான்.

தங்கம்? ம் சொல்லலையே... சரி சரி, சொல்ல வேணாம். வள்ளம் கரை சேர்ந்துச்சு, கதையும் கரை சேர்ந்துச்சு. நீ தூங்கு.