பெரியப்பாவின் ஓட்டு

ஊராட்சித் தலைவர் தேர்தலில் ஒரே ஓட்டில் தோற்றவள் அன்னக்கொடி. ஜெயித்தவர் தென்னந்தோப்புக்காரர் ராசாபாதர். முந்தின மாசியிலேயே செத்துப்போன அவருடைய பெரியப்பா பேரில் மார்கழித் தேர்தலில் யாரோ ஓட்டுப் போட்டிருந்தார்கள். தேர்தலை ரத்து செய்யச் சொல்லி, கெடுவான நாற்பத்தைந்து நாள் முடிவதற்குள் அன்னக்கொடி மாவட்ட நீதிமன்றத்தில் மனுப் போட்டாள். வழக்கு தோற்றால் ஊரில் குடியிருக்க விடமாட்டார்கள். கூண்டில் ஏறி நின்றாள்.

"பெரியப்பா ஓட்டுப் போட்டுட்டுத்தான் காசிக்கு ரயிலேறினார். செத்தார்னா இவ இறப்புச் சான்றிதழைக் காட்டட்டும்," என்றார் ராசாபாதர். ஊராட்சி அலுவலகத்தில் இறப்புப் பதிவேடே காணாமல் போயிருந்தது.

"சான்றிதழ் இருக்காம்மா?" என்றார் நீதிபதி.

"இல்லீங்கய்யா. தலைவரய்யா சொல்றதே நிஜமா இருக்கட்டும். ஆனா பெரியப்பா தோப்பு தேர்தலுக்கு முந்தியே வாரிசு முறையில இவர் பேருக்கு மாறியிருக்கு. தாலுகா ஆபீஸ்ல வாங்கின பட்டா நகல் இதுங்க. ஆள் உசிரோட இருந்தா தோப்பைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லுங்கய்யா. நான் மனுவை வாபஸ் வாங்கிக்கிறேன்."

நீதிபதி நகலைப் படித்துவிட்டு நிமிர்ந்தார். "பெரியப்பா இருக்காரா, இல்லையா?"

ராசாபாதர் தன் வக்கீலைப் பார்த்தார். வக்கீல் மின்விசிறியைப் பார்த்தார். தோப்பில் நானூறு தென்னை. பதவியோ ஐந்தே வருஷம்.

"தவறிட்டாருங்கய்யா. தேர்தலுக்கு முந்தின மாசியில."

தேர்தல் செல்லாது என்றார் நீதிபதி. மறுதேர்தலில் யார் ஜெயிப்பார் என்று அன்னக்கொடிக்குத் தெரியாது. ராசாபாதருக்கு ஒரு ஓட்டுக் குறையும் என்பது மட்டும் நிச்சயம்.