சைக்கிள் ஓட்டத் தெரிந்ததற்குச் சான்று

தபால் கொண்டுபோகிற அலுவலக உதவியாளருக்குச் சைக்கிள் ஓட்டத் தெரிந்திருக்க வேண்டும் என்பது ஓர் அரசு வாரியத்தின் விதி. முப்பிடாதி நேர்காணலுக்கே சைக்கிள் மிதித்துத்தான் வந்தாள். ஓட்டத் தெரிந்ததற்குச் சான்றிதழ் இல்லாததால் தகுதி இல்லை என்று இயக்குநர் ஆளவந்தார் அவளைத் திருப்பி அனுப்பினார். வேலை கஜபதி என்கிற இளைஞனுக்குப் போனது. அவள் வழக்குப் போட்டாள்.

நீதிமன்றத்தில் ஆளவந்தார் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னார்: "இந்தப் பொண்ணு ஓட்டிட்டு வந்ததை நானே ஜன்னல் வழியா பார்த்தேங்க. ஆனா அரசாங்க வேலையில கண்ணை நம்பக் கூடாது, காகிதத்தைத்தான் நம்பணும். கஜபதிகிட்ட சான்றிதழ் இருக்கு. நானே கையெழுத்துப் போட்டது."

சொந்தக் கண்ணையே நம்பாத அந்த மகானை நீதிபதி ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "நீ என்னம்மா சொல்றே?" என்று முப்பிடாதியைக் கேட்டார்.

"சார் சொல்றது சரிதாங்கய்யா. எனக்கு ஓட்டத் தெரியாதுன்னே வச்சுக்கிடுங்க. வாசல்ல என் சைக்கிள் நிக்கி. கஜபதி அண்ணன் அதுல இந்தக் கட்டடத்தை ஒரு சுத்து சுத்தி வரட்டும். நான் வழக்கை வாபஸ் வாங்கிக்கிடுதேன்."

வாரியத்தின் வக்கீல் சந்தோஷமாகத் தலையாட்டினார். ஆளவந்தார் மட்டும் கைக்குட்டையைத் தேடினார்.

நீதிபதி உட்பட எல்லோரும் வாசலுக்கு வந்தார்கள். கஜபதி, உதைக்கிற மாட்டைப் பார்ப்பதுபோல் சைக்கிளை எட்ட நின்று பார்த்தான். பிறகு அழமாட்டாத குறையாக இயக்குநர் பக்கம் திரும்பினான்.

"கையெழுத்து மட்டும் போதும், ஓட்டவெல்லாம் வேண்டாம்னுதானே மாமா சொன்னீங்க?"