பொரியாத சோளம்

மாசிலாமணிக்கு வாய்த்த குரு காட்டில் இல்லை. திருச்சியில் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பின் மூன்றாம் தளத்தில் இருந்தார். பெயர் வடிவாம்பிகை. மாசிலாமணியைவிட நிறையவே வயதில் இளையவர். ஆனாலும் தியானம் கற்க வருகிற எல்லோரையும் போல அவரும் ‘அம்மா’ என்றுதான் அழைத்தார். தலைமையாசிரியராக இருந்து ஒரு பள்ளிக்கூடத்தையே அதட்டியவருக்கு அது லேசில் வாயில் வந்துவிடவில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை மாலை வகுப்பு முடிந்து எல்லோரும் போன பிறகும் அவர் எழுந்திருக்கவில்லை.

“என்ன சார்?”

“பொண்ணு இந்த ஞாயித்துக்கிழமை வரலைன்னுட்டாம்மா.”

மகள் பூங்கோதையும் மாப்பிள்ளையும் ஞாயிறுதோறும் மதியச் சாப்பாட்டுக்கு வருவார்கள். மாப்பிள்ளை டூவீலர் பட்டறை வைத்திருந்தார். அவர் குரூப் ஃபோர் எழுதி அரசாங்க வேலைக்குப் போக வேண்டும் என்பது மாமனாரின் ஆசை. அதை ஞாயிறுதோறும் சொன்னார். போன வாரம் பூங்கோதை பாதிச் சாப்பாட்டில் கை கழுவிவிட்டாள்.

“மத்த எல்லாத்துலயும் என் பேச்சைக் கேட்டவதான். இந்த ஒண்ணுதான் மிச்சம். இன்னும் எத்தனை தடவை சொன்னா ஏறும்? நீங்கதான் சொல்லணும்.”

அம்மா எழுந்து சமையலறைக்குப் போனார். மாசிலாமணியும் பின்னால் போனார். அம்மா ஒரு பாப்கார்ன் பொட்டலத்தை மைக்ரோவேவில் வைத்துப் பொத்தானை அழுத்தினார்.

“இதைப் பாத்துக்குங்க. மொட்டை மாடியில துணி கிடக்கு, எடுத்துட்டு வந்துடறேன். முதல்ல படபடன்னு பொரியும். அப்புறம் சத்தம் விட்டு விட்டு வரும். அப்ப நிறுத்திடுங்க.”

“முழுசா பொரிஞ்சதும் நிறுத்திடறேன்.”

“நான் அப்படிச் சொல்லலை” என்றுவிட்டு அம்மா போனார்.

பொட்டலம் உப்பியது. படபடவென்று பொரிந்தது. பிறகு சத்தம் குறைந்தது. மாசிலாமணி கையை நீட்டினார். உள்ளே ஒன்று ‘டப்’ என்றது. கையை இழுத்துக்கொண்டார்.

அவர் பள்ளியில் பத்தாம் வகுப்பு என்றால் நூற்றுக்கு நூறு தேர்ச்சி. கடைசிப் பெஞ்சுக்காரனையும் பாஸ் பண்ண வைக்காமல் விட்டதில்லை. ஒரு சோளத்தை விட்டுவிடுவாரா? காத்திருந்தார். இன்னொரு ‘டப்’. பார்த்தீர்களா என்பதுபோல் யாருமில்லாத சமையலறையில் தலையாட்டிக்கொண்டார்.

அம்மா துணியோடு திரும்பியபோது கூடம் முழுக்கப் புகை. எதிர்வீட்டுக்காரர் வாசலில் நின்று, “ஏதும் தீஞ்சிடுச்சாங்க?” என்று விசாரித்துக்கொண்டிருந்தார்.

அம்மா ஜன்னலைத் திறந்தார். பொட்டலத்தைப் பிரித்துத் தட்டில் கொட்டினார். எல்லாம் கருகியிருந்தது. அடியிலிருந்து நாலைந்து சோளம் மட்டும் உருண்டு வந்தது.

“இது இன்னும் பொரியலை சார்.”

“அதுக்குத்தாம்மா காத்துக்கிட்டிருந்தேன்.”

“பொரிஞ்சதெல்லாம் என்ன ஆச்சு?”

மாசிலாமணி தட்டைப் பார்த்தார். அப்புறம் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்துவிட்டார். பாவம், கண் கலங்கியிருந்தது. புகையும் ஒரு காரணமாக இருக்கலாம்.

“அவளுக்கு மீன் குழம்புன்னா உசுரும்மா. போன வாரம் அப்படியே வச்சிட்டுப் போயிட்டா.”

“போன் பண்ணுங்க.”

பண்ணினார். அவருக்கு எப்போதும் ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேச வரும்.

“சாப்பிட்டியாம்மா?”

“ம்.”

“மாப்பிள்ளை?”

“பட்டறையில இருக்காரு” என்றாள் பூங்கோதை. அடுத்து என்ன வரும் என்று தெரிந்தவளின் குரல்.

மாசிலாமணி வாயைத் திறந்தார். குரூப் ஃபோருக்கு விண்ணப்பிக்கக் கடைசித் தேதி நாக்கு நுனியில் வந்து நின்றது. தீய்ந்த நெடி மூக்கில் ஏறியது. வாயை மூடிக்கொண்டார்.

“அப்பா? லைன்ல இருக்கீங்களா?”

“இருக்கேம்மா.”

இரண்டு பக்கமும் பேச்சில்லை. தலைமையாசிரியரின் வாழ்க்கையில் இது புதுசு. உட்கார முடியாமல் எழுந்து நின்றார்.

“ஞாயித்துக்கிழமை என்ன குழம்பு?” என்று கேட்டாள் பூங்கோதை.

மாசிலாமணிக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. முகம் மலர்ந்து குருவைப் பார்த்தார். ஒரே மூச்சில் எல்லாவற்றையும் சொல்லிவிடப் போகிறவரைப்போல் நெஞ்சை நிமிர்த்தினார்.

“குழம்பை மட்டும் சொல்லுங்க சார்” என்றார் அம்மா.